மாலினியின் அறைக்குக் கொண்டுபோனவை

திருகோணமலையிலிருந்து என் மகள் சாரதா எழுதிய கடிதத்தில் ஒரு வரி என்னைத் தொந்தரவு செய்தது. "மாலினிக்குத் தனி அறை ஒழித்துக் கொடுத்திருக்கிறோம் அப்பா" என்று எழுதியிருந்தாள். மாலினி என் பேத்தி. ஐந்து வயது. கும்பகோணத்தில் நாங்கள் ஏழு பிள்ளைகள் ஒரே கூடத்தில் வரிசையாகப் படுத்து வளர்ந்தவர்கள். தலைமை ஆசிரியராக இருந்து ஓய்வு பெற்ற பிறகும் எனக்கென்று ஓர் அறை இருந்ததில்லை. கடிதத்தைப் படித்ததும் முதலில் வந்தது பொறாமை. சந்தோஷம் அதற்குப் பின்னால்தான் வந்தது. நான் எழுதப்போகிற எல்லாமே அந்த வரிசையில்தான் நடந்தன.

சாரதா அப்போது எட்டு மாதக் கர்ப்பிணி. புதுக்குழந்தை வருவதற்குள் மூத்தவள் தன் அறையில் தனியே படுக்கப் பழக வேண்டும்; அவளோ பயப்படுகிறாள். "அழகான சாமான்கள் நாலு இருந்தால் அறை பிடித்துப்போகும். நீங்கள் வரும்போது ஏதாவது கொண்டுவாருங்கள். அப்பப்பா ஏற்கெனவே நிறையச் செய்து வைத்திருக்கிறார்" என்று கடிதம் முடிந்தது.

அப்பப்பா என்பது என் சம்பந்தி கந்தையா. மூதூருக்கும் திருகோணமலைக்கும் இடையே ஓடுகிற லோஞ்சியில் சுக்கான் பிடிப்பவர். நாம் லாஞ்சி என்பதை அங்கே லோஞ்சி என்கிறார்கள். சென்னைக்குப் பொறியியல் படிக்க வந்த அவருடைய மகன் யோகன் என் பெண்ணைக் கேட்டபோது, "படகோட்டி மகனுக்கா?" என்று என் வீட்டுக்குள் உட்கார்ந்து கேட்டவன் நான். சாரதா பிடிவாதமாக இருந்ததால் கல்யாணம் நடந்தது. பிறகு ஆறு ஆண்டுகள் நான் கடலைத் தாண்டவில்லை. 'ஏற்கெனவே நிறைய' என்ற இரண்டு சொற்கள் தாண்ட வைத்தன.

தஞ்சாவூர்த் தலையாட்டிப் பொம்மைகளில் ஒரு ராஜா, ஒரு ராணி வாங்கி, வைக்கோல் சுற்றிப் பெட்டியில் வைத்துக்கொண்டு கிளம்பினேன். இலங்கைப் பேருந்தில் பெட்டியைக் கூரைமேல் போட்டார்கள். நடத்துநர் சிங்களத்தில் ஓயாமல் கூவிக்கொண்டே வந்தார். என்ன சொல்கிறார் என்று பக்கத்திலிருந்தவரைக் கேட்டேன். "பின்னால் போங்கள், பின்னால் போங்கள், பின்பக்கம் கதிர்காமம்வரை இடம் இருக்கிறது" என்று மொழிபெயர்த்தார். எங்கள் ஊர் நடத்துநரும் இதையேதான் சொல்வார். அவர் சுவாமிமலைவரை என்பார். வழியில் யாரோ என் பெட்டியின்மேல் இரண்டு பலாப்பழங்களை ஏற்றியிருக்கிறார்கள். இறங்கித் திறந்து பார்த்தால் ராணிக்குக் கழுத்து இல்லை. ராஜா மட்டும் தலையை ஆட்டிக்கொண்டிருந்தார்.

யோகனுக்குத் துறைமுகத்தில் வேலை. வெள்ளைக்காரக் கடற்படை அதிகாரிகளுக்காகக் கட்டிய பழைய வீடு ஒன்றை இரண்டாகப் பிரித்து, பாதியை அவர்களுக்குக் கொடுத்திருந்தார்கள். மேட்டின்மேல் வீடு. கீழே துறைமுகம். எங்கள் மகாமகக் குளத்தைப் போல நூறு குளத்தை உள்ளே விட்டாலும் நிரம்பாத அந்த நீர்ப்பரப்பைப் பார்த்தபடி என் மகள் தினமும் அரிசி களைகிறாள். அதற்கும் பொறாமைப்பட்டேன். "ஓம் அப்பா, களைச்சுப்போயிருப்பீங்கள், இருங்கோ" என்று அவள் நாற்காலியை இழுத்துப் போட்டபோது, ஆறு ஆண்டில் 'ஆமாம்' அவளுக்கு 'ஓம்' ஆகி, அவளுடைய தமிழும் அவர்களுடையதாகிவிட்டது தெரிந்தது.

மாலினியின் அறையைப் போய்ப் பார்த்தேன். கந்தையா மீது எனக்கிருந்த இளக்காரம் அந்த அறை வாசலில்தான் வேறொன்றாக மாறியது.

கடற்படை ஊரைவிட்டுப் போனபோது கழித்துக்கட்டிய கப்பல் கொடிகளை ஏலத்தில் மூட்டையாக எடுத்து வைத்திருந்தாராம். சிவப்பும் வெள்ளையும், நீலமும் மஞ்சளும், கட்டம் போட்டவை, குறுக்குக்கோடு போட்டவை. சில கொடிகள் சன்னல் திரையாகியிருந்தன. சிலவற்றை ஒட்டுப்போட்டுக் கட்டில் விரிப்பாகத் தைத்திருந்தார். கூரையிலிருந்து, கயிற்று வலைக்குள், பச்சைக் கண்ணாடிக் குண்டுகள் தொங்கின. தூரதேசத்து மீன்வலைகளில் மிதவையாக இருந்து, அறுந்து, கரை ஒதுங்கியவை. காலை வெயில் பட்டதும் சுவர் முழுக்கப் பச்சை வெளிச்சம் அசைந்தது. காசு கொடுத்து வாங்க முடியாத அறை அது.

என் ராஜாவை மேசைமேல் வைத்தேன். மாலினி அவர் தலையில் ஒரு தட்டுத் தட்டினாள். ஆடுவதைச் சிறிது நேரம் பார்த்தாள்.

"அம்மப்பா, இவர் ஏன் எல்லாத்துக்கும் ஓம் ஓம் எண்டுறார்?"

"ராணி கேட்டதற்குச் சொல்கிறார்."

"ராணி எங்கே?"

பலாப்பழக் கதையைச் சொன்னேன். விழுந்து விழுந்து சிரித்தாள். பொம்மையை மறந்துவிட்டாள்.

மறுநாள் நண்பகலில், இரண்டு ஓட்டங்களுக்கு இடையே, கந்தையா மேடேறி வந்தார். குள்ளமான உருவம், கைலி, வெள்ளைச் சட்டை, இடுப்பில் பழைய கடற்படை பெல்ட். கையில் ஒரு தயிர்ச்சட்டி.

"மாஸ்டர் எண்டு கேள்விப்பட்டுப் பயந்து பயந்துதான் வந்தனான். கையை நீட்டச் சொல்ல மாட்டீங்கள்தானே?" என்றார்.

நான் சிரிக்கவில்லை. அவர் சிரித்தார். மாலினி அவர் முதுகில் ஏறிக்கொண்டு இறங்கவே இல்லை. நான் சைவம் என்று தெரிந்து, மற்றவர்களுக்குப் பாரை மீனும் எனக்கு மூதூர் எருமைத் தயிரும் கொண்டுவந்திருந்தார். சட்டியைத் தலைகீழாகக் கவிழ்த்துக் காட்டினார், தயிர் விழவில்லை. காவிரிக்கரையில் பிறந்தவனுக்கு ஒருவன் தயிரைப் பற்றிச் சொல்லிக்கொடுப்பதா என்று நினைத்தேன். கித்துள் பாணி என்கிற வெல்லப்பாகு ஊற்றி இரண்டு முறை வாங்கிச் சாப்பிட்டேன்.

சாயங்காலம் ஐந்து மணிக்குக் கொஞ்சம் முன்னால் மாலினி தன் அறைக்கு ஓடினாள். சன்னலுக்கு வெளியே ஒரு கம்பு நட்டிருந்தது. அதில் ஒரு கயிறு, கயிற்றில் ஒரு மஞ்சள் கொடி. கயிற்றை இழுத்துக் கொடியை ஏற்றிவிட்டு நின்றாள். ஐந்து மணி லோஞ்சி துறைமுகத்தைக் கடந்து, எங்கள் மேட்டுக்குக் கீழே வந்தபோது இரண்டு முறை ஊதியது. மாலினி துள்ளினாள்.

"மஞ்சள் கொடி எண்டா கப்பலில எல்லாரும் சுகம் எண்டு அர்த்தம், அம்மப்பா. அப்பப்பா அதைப் பாத்திட்டு 'சரி, சரி' எண்டு ஊதுவார்."

அந்த இரண்டு ஊதலைக் கேட்ட பிறகு அவள் அந்த அறையில் தனியே படுப்பாளாம். பயம் தெளிவிக்க நான் கொண்டுவந்த ராஜா மேசைமேல் ஓம் ஓம் என்றுகொண்டிருந்தார்.

மூன்றாம் நாள் கடைத்தெருவுக்குப் போனேன். அப்போதுதான் இலங்கையில் வெளிநாட்டுச் சாமான்களுக்குக் கதவு திறந்துவிட்டிருந்தார்கள். கும்பகோணத்தில் கண்ணால் காண முடியாத ஜப்பான் பொம்மைகளும் விளக்குகளும் கண்ணாடி அலமாரிகளில் அடைசலாக இருந்தன. ஒரு கடையில் வெள்ளைத் தொப்பி போட்ட ஹாஜியார் உட்கார்ந்திருந்தார்.

"புள்ளட அறைக்கா? ஆருட புள்ள?" என்று கேட்டார்.

"யோகனுடைய மகள். துறைமுகத்தில் வேலை."

"கந்தையாண்ணன்ட பேத்தியா? அப்ப முதலே சொல்லப்படாதா? நான் மூதூர்தான், டெய்லி அவர்ட லோஞ்சியிலதான் வாறன் போறன்." அடியிலிருந்து நல்ல பொம்மையாக எடுத்தார். படுக்க வைத்தால் கண்ணை மூடும், நிமிர்த்தினால் திறக்கும். நான்தான் அவளுடைய இன்னொரு தாத்தா என்று சொன்னேன். "அப்பிடியா" என்று பொட்டலம் கட்டினார்.

மறுநாள் காலை அந்தப் பொம்மை அறைக்கு வெளியே, சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தது. "அது படுத்துக்கொண்டு கண்ணைக் கொஞ்சமாத் திறந்து பாக்குது" என்றாள் மாலினி.

ஜப்பான் தோற்றதால் உள்ளூரில் தேடினேன். கிண்ணியாப் பக்கம் குறிஞ்சாக்கேணியில் நல்ல வண்ணப்பாய் பின்னுகிறார்கள் என்று யோகன் சொன்னான். பேருந்து நீர்க்கரையில் நின்றது. அக்கரைக்குப் போகப் 'பாதை' இருக்கிறது என்றார்கள். பார்த்தால் பாதை என்பது ஆட்கள், சைக்கிள், ஒரு மாட்டுவண்டி எல்லாம் ஏறிக்கொள்ளும் மிதவை. நடுநீரில் மாடு மிரண்டு பின்வாங்கியது. என் செருப்பு ஒன்று தண்ணீரில் போயிற்று. ஒரு காலில் செருப்போடு குறிஞ்சாக்கேணியில் இறங்கினேன்.

பாய் பின்னுகிற அம்மாள் என் காலைப் பார்த்துவிட்டுச் சிரிப்பை முந்தானைக்குள் அடக்கினார். நோன்பு மாதம். அவர் தண்ணீர்கூடக் குடிக்காமல் பின்னிக்கொண்டிருந்தார். எனக்கு மட்டும் இளநீர் வெட்டுவித்தார்.

"குடிங்க வாப்பா. நோம்பு எங்களுக்குத்தானே."

சிவப்பும் ஊதாவுமாக, ஓரத்தில் மீன் வரிசை ஓடுகிற பாய் ஒன்றைத் தேர்ந்தெடுத்தேன். பிள்ளை யாருடையது என்று கேட்டார், சொன்னேன். "மூதூர் லோஞ்சிக்காரர்ட பேத்திக்கா? அவரு எங்கிட மாமிய ஒருக்கா ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோன ஆளெலுவா" என்று, பாயோடு ஒரு சின்னத் தடுக்கையும் சேர்த்துக் கட்டினார். லோஞ்சி போகாத ஊரிலும் அவர் பெயர் போயிருந்தது. நாற்பது ஆண்டுகள் பாடம் சொன்னவன் நான். கும்பகோணத்தில் பக்கத்துத் தெருவில் என் பெயரைச் சொன்னால் இப்படி யாராவது ஒரு தடுக்குச் சேர்த்துக் கொடுப்பார்களா? திரும்பும் வழியெல்லாம் இதே கணக்குத்தான்.

மாலினிக்குப் பாய் பிடித்தது. எடுத்துக்கொண்டு நேராகச் சன்னலடிக்குப் போனாள். நாலாக மடித்துப் போட்டு ஏறி நின்றாள்.

"இப்ப நல்லா எட்டுது அம்மப்பா. கொடியை இன்னும் மேலே இழுக்கலாம்."

லோஞ்சி இரண்டு முறை ஊதியது. என் பாயின்மேல் நின்று அவள் அவருக்குக் கையாட்டினாள்.

மறுநாள் நான் அதைச் செய்தேன்.

யோகன் வேலையாகக் கொழும்புக்குப் போயிருந்தான். சாரதா உண்ட களைப்பில் கண் அயர்ந்திருந்தாள். மாலினி பக்கத்துப் பாதி வீட்டில் விளையாடிக்கொண்டிருந்தாள். நான் சன்னல் வழியாகக் கையை விட்டு மஞ்சள் கொடியை அவிழ்த்தேன். இறுகிய முடிச்சு, நகம் கிழிந்தது. மடித்து என் பெட்டியில் வேட்டிகளுக்கு அடியில் வைத்தேன். என்ன நினைத்தேன் என்றால், ஒரு நாள் ஊதல் இல்லாமல் போகட்டும், பிள்ளை அழும், நான் மடியில் போட்டுக் கதை சொல்லித் தூங்கவைப்பேன். அவ்வளவுதான் என் திட்டம். அறுபத்தாறு வயதில்.

ஐந்து மணிக்கு மாலினி அழுதாள். லோஞ்சி வந்தது. ஊதவில்லை. கொஞ்ச தூரம் போயிற்று, வேகம் குறைந்தது, பிறகு அப்படியே திரும்பி வந்த வழியே போயிற்று. எஞ்சின் கோளாறு என்று நினைத்தேன். மாலினியை மடிக்கு இழுத்தேன், திமிறிக்கொண்டு ஓடினாள்.

அரை மணி நேரத்தில் வாசலில் ஒரு வாடகைக் கார் வந்து நின்றது. கந்தையா இறங்கி ஓடிவந்தார். அவர் பின்னால் மருத்துவச்சி ஒருத்தி.

"பிள்ளை எங்கே? சாரதா எங்கே? வயித்துக்குத்துத் தொடங்கிட்டுதா?"

சாரதா சமையலறையிலிருந்து கையைத் துடைத்துக்கொண்டு வந்தாள். "இல்லையே மாமா. ஏன்?"

கந்தையா படியில் உட்கார்ந்துவிட்டார். மூச்சு வாங்கியது. "கொடி இல்லையே பிள்ளை. நாங்கள் பேசிவைச்சதுதானே."

அப்போதுதான் எனக்குத் தெரிந்தது. யோகன் ஊரில் இல்லாத நாட்களில் சாரதாவுக்கு வலி கண்டால், மாலினி கொடி ஏற்றக் கூடாது. கொடி இல்லாவிட்டால் அவர் லோஞ்சியைத் திருப்பிக்கொண்டு வருவார். அந்த மேட்டில் தொலைபேசி கிடையாது. மருத்துவச்சிக்கும் கார்க்காரருக்கும் முன்னமே சொல்லிவைத்திருந்தார். எனக்கு யாரும் சொல்லவில்லை. குழந்தை விளையாட்டு என்று நினைத்தவனிடம் யார் சொல்வார்கள்?

"கொடி காணேல்ல அப்பப்பா" என்று மாலினி விம்மினாள்.

"காற்று கொண்டுபோயிருக்கும்" என்றேன் நான். அந்த மாதங்களில் கச்சான் என்று ஒரு வறண்ட காற்று கடலைப் பார்த்து அடித்துக்கொண்டே இருக்கும். பொய்க்கு வசதியான காற்று.

கந்தையா அறைக்குள் போனார். சன்னலுக்கு வெளியே கயிற்றை இழுத்து அதன் நுனியைப் பார்த்தார். முடிச்சைப் போட்டவர் அவர். கயிறு அறுந்திருக்கவில்லை, பொறுமையாக அவிழ்த்த கயிறாக இருந்தது. பிறகு என்னைப் பார்த்தார். கிழிந்த நகத்தை நான் வேட்டி மடிப்பில் மறைத்துக்கொண்டேன்.

"ஓம். கச்சான் பொல்லாதது. கொண்டுபோட்டுது" என்று மாலினியிடம் சொன்னார். கட்டில் விரிப்பிலிருந்து ஒரு மஞ்சள் துண்டைப் பிரித்தெடுத்துக் கயிற்றில் கட்டிக்கொடுத்துவிட்டு, "ஆக்கள் காத்துக்கொண்டு நிக்கினம்" என்று இறங்கிப்போனார்.

யார் காத்திருந்தார்கள் என்பதை மறுநாள் ஹாஜியார் கடையில் கேட்டேன்.

"பொம்மை நித்திரை கொண்டுதா மாஸ்டர்?" என்று தொடங்கினார். பிறகு, "நேத்து நாங்க எல்லாரும் லோஞ்சி அடையிற ஜெட்டியிலதான் நோம்பு தொறந்தம். வீட்டில கஞ்சி காய்ச்சி வெச்சிட்டுப் பாத்துக்கிட்டு இரிந்திருக்காங்க. இங்க பைப்புத் தண்ணியும் நாலு பேரீச்சம்பழமும்" என்றார்.

"கோபம் வந்திருக்குமே."

"வந்திச்சி. புள்ளத்தாச்சி விசயம் எண்டதும் போயிட்டு. ஆனா லோஞ்சி முதலாளிக்குப் போகல்ல. நிறைய சனத்த ஏத்திக்கிட்டு வீட்டு அலுவலுக்குத் திருப்புறதா எண்டு, கந்தையாண்ணன சுக்கானில இரிந்து எறக்கிட்டார். இண்டையில இரிந்து டிக்கெட் கிழிக்கிற வேலை."

நேராக அந்தப் படகுத்துறைக்குப் போனேன். உண்மையைச் சொல்லிவிடுவது என்றுதான் போனேன். லோஞ்சி வாசலில் நின்று கந்தையா டிக்கெட் கிழித்துக்கொண்டிருந்தார். ஏறுகிற ஒவ்வொருவரும் அவரிடம் ஒரு வார்த்தை பேசிவிட்டு ஏறினார்கள். ஒருவர், "என்ன கந்தையாண்ணே, கப்பித்தான் இப்ப கண்டக்டரா?" என்றார். "ஓமடாப்பா, இனி உன்னைச் சும்மா ஏத்தேலாது" என்றார் இவர். சுற்றிச் சிரிப்பு. இறக்கிவிடப்பட்ட இடத்திலும் அந்த மனிதர் என்னைவிட உயரமாக நின்றார்.

என்னைப் பார்த்துவிட்டார். "மூதூருக்கே மாஸ்டர்? ஏறுங்கோ, தயிர் சாப்பிட்டிட்டு வரலாம்."

"இல்லை, சும்மா காற்று வாங்க வந்தேன்" என்று திரும்பினேன்.

அன்று மாலை புதிய சுக்கான்காரர் ஊதவில்லை. மஞ்சள் துண்டு கம்பில் பறக்க, லோஞ்சி பேசாமல் போயிற்று. மாலினி தலையணையைத் தூக்கிக்கொண்டு அம்மாவின் அறைக்குப் போய்விட்டாள். நான் கடல் தாண்டி வந்து, அந்த அறையைக் காலி செய்துவிட்டேன்.

ஒன்பதாம் நாள் மாலை ஐந்து மணிக்குச் சற்று முன்னால் சாரதாவுக்கு நிஜமாகவே வலி கண்டது. யோகன் இன்னும் திரும்பவில்லை. மாலினி கொடியை ஏற்றாமல் வைத்துக்கொண்டு சன்னலிலேயே நின்றாள். ஐந்து மணி லோஞ்சி வந்தது. வேகம் குறையவில்லை. மேல்தட்டில் ஒரு குள்ளமான உருவம் எழுந்து வந்து, கம்பியைப் பிடித்துக்கொண்டு, எங்கள் மேட்டையே பார்த்தபடி நின்றது. லோஞ்சி அவரையும் கொண்டு மூதூருக்குப் போயிற்று. அவரால் அதைத் திருப்ப முடியாது. கையில் டிக்கெட்டுக் கட்டு மட்டும்தான் இருந்தது.

நான் ஓடிப்போய் அந்த வாடகைக் காரையே பிடித்துச் சாரதாவை ஆஸ்பத்திரியில் சேர்த்தேன். பையன் பிறந்தான். அவனை முதலில் கையில் வாங்கிய கிழவன் நான்தான். கந்தையா மறுநாள் காலை முதல் லோஞ்சியில் வந்துதான் பார்த்தார். ஆறு ஆண்டாக நான் ஏங்கிய முதலிடம் அன்று கிடைத்தது. எப்படிக் கிடைத்தது என்று தெரிந்த இரண்டு பேரும் அந்தத் தொட்டிலுக்கு இருபுறமும் நின்றோம். "மூக்கு உங்களைப் போல மாஸ்டர்" என்றார் அவர்.

நான் கிளம்புவதற்கு முந்தின மாலை லோஞ்சி இரண்டு முறை ஊதியது. நோன்பாளிகள் எல்லாரும் சேர்ந்து புதிய சுக்கான்காரரை நெருக்கினார்களாம். ஹாஜியார்தான் முன்னுக்கு நின்றாராம். மாலினி தலையணையோடு தன் அறைக்குத் திரும்பினாள். கண் மூடும் பொம்மையையும் உள்ளே எடுத்துக்கொண்டாள், சன்னல் பக்கம் முகத்தைத் திருப்பி வைத்து. அது காவலாம்.

பேருந்து நிலையத்துக்குக் கந்தையா வந்தார். பெட்டியை அவரே தூக்கிக் கூரைமேல் கொடுத்தார். அதற்குள் என்ன இருக்கிறது என்று அவருக்குத் தெரியும். அது அவர் கையில் இருந்த நேரம் முழுக்க எனக்கு வியர்த்தது. பேருந்து கிளம்பும்போது சன்னலுக்கு வெளியே நின்று சொன்னார்:

"வீட்டுக்குப் போய்ச் சேர்ந்ததும் கொடியைப் போடுங்கோ மாஸ்டர். இங்கயிருந்து எங்களுக்குத் தெரியாதுதான். எண்டாலும் போடுங்கோ."

அவர் முகத்தில் கேலி இருக்கிறதா என்று பார்த்தேன். இல்லை.

நான் போடவில்லை. மூன்று ஆண்டுகளாக அந்தக் கொடி என் பெட்டியில் வேட்டிகளுக்கு அடியிலேயே கிடக்கிறது. போன மாதம் சாரதாவின் கடிதம் வந்தது. கந்தையா காலமாகிவிட்டார். முதலாளி கடைசிவரை அவருக்குச் சுக்கானைத் திருப்பித் தரவில்லையாம். அவர் போன அன்று மாலை மாலினி கொடி ஏற்ற மறுத்துவிட்டாளாம்.

அடுத்த வாரம் எங்கள் தெருக்காரர் ஒருவர் இலங்கைக்குப் போகிறார். மாலினியின் அறைக்கு இந்த முறை பொம்மை எதுவும் வாங்கவில்லை. அந்த மஞ்சள் கொடியையும் இந்தக் காகிதங்களையும் கொடுத்தனுப்புகிறேன். அவளுக்கு இப்போது எட்டு வயது, எழுத்துக்கூட்டி வாசித்துவிடுவாள். கொடியைக் கொண்டுபோனது கச்சான் அல்ல, அம்மப்பாதான் என்பதை அவளே வாசித்துத் தெரிந்துகொள்ளட்டும்.